பத்திரிகையில் குழந்தையின் படம்: முகத்தை மறைத்தால் போதுமா?

கேள்வி இது: "எங்கள் ஊரில் ஒரு சிறு மாத இதழ் தொடங்குகிறோம். பழைய இதழ்களைப் புரட்டினால் குழந்தைகளின் முகம், பெயர், பள்ளி, வீட்டு முகவரி எல்லாம் இருக்கின்றன. இப்போது வருகிற இதழ்களில் முதுகைக் காட்டி நிற்கும் படங்கள்தான் அதிகம். எந்தச் சட்டம் இதை மாற்றியது? பெற்றோர் சம்மதம் வாங்கிவிட்டால் போடலாமா? என் அண்ணன் ஸ்டுடியோ வைத்திருக்கிறார். அவருக்கும் இதில் பொறுப்பு உண்டா?"

கடைசி இரண்டுக்கும் முதலில் சொல்லிவிடுகிறேன். குற்றத்தில் பாதிக்கப்பட்ட குழந்தையோ குற்றம் சாட்டப்பட்ட குழந்தையோ என்றால் பெற்றோர் சம்மதம் உங்களைக் காப்பாற்றாது. உங்கள் அண்ணனுக்குப் பொறுப்பு உண்டு. சட்டத்தில் 'ஸ்டுடியோ' என்ற சொல்லே எழுதப்பட்டிருக்கிறது. மற்றதைக் கொஞ்சம் விரிவாகச் சொன்னால்தான் விளங்கும்.

வார இதழ்களில் பக்கம் பார்க்கும் வேலைக்கு நான் வந்தது 1990களின் நடுவில். அப்போது குழந்தைகள் சம்பந்தப்பட்ட வழக்குச் செய்தி என்றால் எங்களுக்குத் தெரிந்த ஒரே பாதுகாப்பு, கண்ணுக்கு மேல் ஒரு கறுப்புப் பட்டை. புரோமைடு பிரிண்டில் டேப்பை வெட்டி ஒட்டிவிட்டு அடுத்த பக்கத்துக்குப் போய்விடுவோம். மூக்கு, வாய், தலைமுடி, சீருடை, பக்கத்தில் நிற்கும் அம்மா எல்லாம் அப்படியே இருக்கும். அந்தப் பிள்ளையைத் தெரிந்தவர்கள் ஒரு நொடியில் கண்டுபிடித்துவிடலாம். தெரியாதவர்களிடமிருந்துதான் நாங்கள் மறைத்துக்கொண்டிருந்தோம். அவர்களுக்கோ அந்த முகம் எந்த வகையிலும் தேவையில்லை.

அப்போதும் சட்டம் இருந்தது. 1986-ஆம் ஆண்டின் சிறார் நீதிச் சட்டம், விசாரணையில் இருக்கும் சிறாரின் பெயரையும் படத்தையும் வெளியிடக் கூடாது என்றது. மீறினால் அபராதம் 1,000 ரூபாய் வரை, அவ்வளவுதான். அந்தச் சட்டப்படி ஆண் பிள்ளைகள் 16 வயது வரையிலும் பெண் பிள்ளைகள் 18 வயது வரையிலும்தான் சிறார். அதனால் 17 வயதுப் பையன் திருட்டு வழக்கில் பிடிபட்டால் போலீஸ் ஸ்டேஷன் வாசலில் நிற்கவைத்து எடுத்த படம் மறுநாள் பேப்பரில் வரும். இருபாலருக்கும் 18 என்று ஆனது 2000-ஆம் ஆண்டுச் சட்டத்தில். 2006 திருத்தத்தில் அபராதம் 25,000 ரூபாய் ஆனது. இப்போது நடப்பில் இருக்கும் 2015-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 74-ஆவது பிரிவில் ஆறு மாதம் வரை சிறை அல்லது இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். குற்றம் சாட்டப்பட்ட சிறார், பாதிக்கப்பட்ட குழந்தை, சாட்சி சொல்லும் குழந்தை, பராமரிப்பும் பாதுகாப்பும் தேவைப்படும் குழந்தை என எல்லாரும் அதற்குள் வந்துவிட்டார்கள்.

ஆனால் பத்திரிகை அலுவலகங்களின் பழக்கத்தை உண்மையில் மாற்றியது 2012 நவம்பர் 14 அன்று நடைமுறைக்கு வந்த போக்சோ சட்டம், அதாவது பாலியல் குற்றங்களிலிருந்து குழந்தைகளைப் பாதுகாக்கும் சட்டம். அதன் 23-ஆவது பிரிவை உங்கள் ஆசிரியர் குழுவில் உள்ள எல்லாரும் ஒருமுறையாவது வாசித்துவிடுங்கள். குழந்தையின் பெயர், முகவரி, புகைப்படம், குடும்ப விவரம், பள்ளி, அக்கம்பக்கம், அடையாளத்தைக் காட்டிக்கொடுக்கக்கூடிய வேறு எந்த விவரமும் வெளியாகக் கூடாது என்கிறது. முழுமையான, நம்பகமான தகவல் கையில் இல்லாமல் குழந்தையின் நற்பெயரையோ அந்தரங்கத்தையோ பாதிக்கும்படி எழுதவும் கூடாது. மீறினால் ஆறு மாதத்திலிருந்து ஓராண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். இன்னொன்று, ஊழியர் செய்த தவறுக்குப் பதிப்பாளரும் உரிமையாளரும் சேர்ந்தே பொறுப்பாவார்கள். இந்த ஒரு வரி வந்த பிறகுதான் முதலாளிகள் "அந்தப் பக்கத்தை வக்கீல் பார்த்தாரா?" என்று கேட்கத் தொடங்கினார்கள். அதற்கு முன்னால் அது நிருபருக்கும் உதவி ஆசிரியருக்கும் இடையே முடிந்துவிடும் பேச்சு.

அந்தப் பட்டியலில் 'அக்கம்பக்கம்' என்ற சொல்லுக்கு நான் அடிக்கோடு போடுவேன். அதன் பொருள் எனக்குப் புரிந்தது ஒரு தவறுக்குப் பிறகுதான்.

சட்டம் வந்து ஓரிரு ஆண்டுகள் இருக்கும். தென்மாவட்டக் கிராமம் ஒன்றில் ஒரு சிறுமிக்கு நேர்ந்த கொடுமை பற்றிய கட்டுரை. நான் அப்போது இருந்த இதழின் பெயர் இங்கே வேண்டாம். பெயரை மாற்றியிருந்தோம், ஊர்ப் பெயரை எடுத்துவிட்டோம். படத்தில் பாப்பா பின்பக்கமாக நிற்கிறாள். போதாதென்று தலைப் பகுதியையும் கலைத்துவிட்டோம். புரூஃபை மூன்று பேர் பார்த்தோம், எங்களுக்குத் திருப்திதான். இதழ் கடைக்குப் போன மூன்றாம் நாள் அந்தப் பிள்ளையின் சித்தி போன் செய்தார். சண்டை போடவில்லை. "சார், முகம் இல்லதான். ஆனா பின்னாடி இருக்கிற கம்பமும் செவுரும் எங்க தெருவுது சார். கம்பத்துல நம்பர்கூடத் தெரியுது. புள்ள வெளிய வர மாட்டேங்குது" என்றார்.

படத்தை எடுத்துப் பார்த்தேன். மின்கம்பத்தில் மஞ்சள் பட்டையடித்துக் கறுப்பில் எழுதிய எண். பக்கத்துச் சுவரில் ஒரு கட்சியின் தேர்தல் விளம்பரம், அதன் அடியில் கிளைச் செயலாளரின் பெயர். இடது ஓரத்தில் கொடியில் காயும் சீருடைப் பாவாடை. நாங்கள் மூன்று பேரும் முகத்தை மட்டுமே பார்த்திருக்கிறோம். சென்னையில் உட்கார்ந்து அதை வாசிக்கிறவருக்கு அந்தக் கம்பம் வெறும் கம்பம். அந்தத் தெருக்காரர்களுக்கு அது விலாசம். அந்தப் பிள்ளை நாளை காலை எழுந்து யார் முகத்தில் விழிக்க வேண்டுமோ அவர்களிடம் நாங்களே காட்டிக்கொடுத்துவிட்டோம். அந்தப் போனை நான் மறந்ததில்லை. அன்றிலிருந்து இப்படிப் படம் வந்தால் முகத்தைக் கடைசியில்தான் பார்ப்பேன். முதலில் சுவர், பலகை, சைக்கிள், செருப்பு, ரிப்பன் நிறம், அடையாள அட்டையின் கயிறு.

2018-இல் நீதிமன்றங்கள் இதை இன்னும் இறுக்கின. அந்த ஆண்டு ஜம்முவின் கத்துவாவில் கொல்லப்பட்ட எட்டு வயதுச் சிறுமியின் பெயரும் படமும் நாடெங்கும் வெளியாகின. டெல்லி உயர் நீதிமன்றம் தானாகவே முன்வந்து விசாரித்து, ஏப்ரலில் 12 ஊடக நிறுவனங்கள் ஆளுக்கு 10 லட்சம் ரூபாய் கட்ட வேண்டும் என்றது. அந்தப் பணம் பாதிக்கப்பட்டோருக்கான இழப்பீட்டு நிதிக்குப் போனது. 'நீதி வேண்டும்' என்று கேட்டுத்தானே படம் போட்டோம் என்று பலரும் வருத்தப்பட்டார்கள். அவர்களின் நோக்கத்தை நான் சந்தேகிக்கவில்லை. ஆனால் இறந்த பிறகும் அந்தக் குழந்தைக்கு ஒரு கண்ணியம் உண்டு. அதை விட்டுக்கொடுக்கும் உரிமை நமக்கு இல்லை.

அதே ஆண்டு பீகார் முசாஃபர்பூரில் ஒரு காப்பகத்தில் சிறுமிகளுக்கு நடந்த பாலியல் கொடுமை வெளிவந்தது. அந்தச் சிறுமிகளின் படங்களைக் கலைத்தோ மங்கலாக்கியோகூடக் காட்டக் கூடாது என்று ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. 'பிளர் பண்ணிட்டோம் சார்' என்ற சமாதானம் எங்கள் அலுவலகத்தில் அன்றோடு எடுபடாமல் போனது. பிறகு டிசம்பர் 11 அன்று, பாலியல் குற்றங்களில் பாதிக்கப்பட்டவர்களின் அடையாளம் பற்றிய நிபுண் சக்சேனா வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்பு. அச்சிலோ தொலைக்காட்சியிலோ சமூக ஊடகத்திலோ பெயரை மட்டுமல்ல, தொலைவாகக்கூட அடையாளத்துக்கு வழிகாட்டும் எதையும் வெளியிடக் கூடாது என்றது. போராட்டத்துக்கு ஓர் அடையாளமாகப் பெயரைப் பயன்படுத்துவதையும் ஏற்கவில்லை. ஊர் முக்கில் கண்ணீர் அஞ்சலி ஃபிளெக்ஸ் வைக்கிறவர்கள் இதைத் தெரிந்துகொள்ள வேண்டும். அந்த ஃபிளெக்ஸைப் படமெடுத்துப் போடும் பத்திரிகையும் அதே தவறைச் செய்கிறது.

பெற்றோர் சம்மதம் பற்றிய பதிலும் இங்கேதான் இருக்கிறது. போக்சோ வழக்கில் அடையாளத்தை வெளியிட அனுமதி தரக்கூடியது சிறப்பு நீதிமன்றம் மட்டுமே. அதுவும் குழந்தையின் நலனுக்கு அது உகந்தது என்று கருதினால், காரணத்தை எழுத்தில் பதிந்து தர வேண்டும். அம்மா அழுதுகொண்டே "போடுங்க சார், ஊருக்கே தெரியட்டும்" என்று சொல்லலாம். அந்த வேதனை உண்மையானது. ஆனால் பத்து ஆண்டு கழித்து அந்தப் பெண் வேலைக்குப் போகும்போதும் கல்யாணம் பேசும்போதும் அந்தப் பக்கம் அவளுக்கு முன்னால் போய் நிற்கும். அவளிடம் நாம் கேட்கவே இல்லை, கேட்டிருந்தாலும் பதில் சொல்லும் வயது அவளுக்கு இல்லை. சட்டம் ஏன் பெற்றோருக்கு மேலே ஒரு நீதிபதியை உட்காரவைத்தது என்பதற்கு எனக்குத் தெரிந்த காரணம் இதுதான்.

நீங்கள் சின்ன ஊரில் இதழ் நடத்தப் போகிறீர்கள் என்பதால் துண்டு சேர்க்கும் ஆபத்து உங்களுக்கு அதிகம். ஒரு பேப்பர் 'ஆட்டோ ஓட்டுநரின் மகள்' என்று எழுதும். இன்னொன்று பள்ளியின் பெயரை விட்டுவிட்டு 'மலையடிவாரத்தில் உள்ள அரசு உதவிபெறும் பள்ளி' என்று எழுதும். மூன்றாவது, குற்றவாளி அவளுடைய தாய்மாமன் என்று எழுதி அவன் பெயரையும் போடும். ஒவ்வொன்றிலும் பெயர் இல்லை. மூன்றையும் டீக்கடையில் சேர்த்து வாசிக்கிறவருக்கு மிச்சம் எதுவும் இல்லை. உறவுக்காரர் குற்றவாளி என்றால் ஒன்று உறவைச் சொல்லக் கூடாது, அல்லது அவர் பெயரைச் சொல்லக் கூடாது. உங்களுக்கு முன்னால் மற்றவர்கள் எதை எழுதிவிட்டார்கள் என்று பார்த்துவிட்டுத்தான் நீங்கள் எதை விட வேண்டும் என்று முடிவு செய்ய முடியும்.

இதெல்லாம் படமெடுக்கும் முறையையும் மாற்றியது. புகைப்படக்காரர்கள் கையை எடுத்தார்கள், பாதத்தை எடுத்தார்கள், சன்னலுக்கு எதிரே நிற்கவைத்து நிழலுருவம் எடுத்தார்கள். நல்ல ஓவியர்களுக்கு வேலை திரும்ப வந்தது. ஆனால் ஒரு கெட்ட பழக்கமும் சேர்ந்தே வந்தது. இருட்டு மூலையில் முழங்காலைக் கட்டிக்கொண்டு தலை கவிழ்ந்து உட்கார்ந்திருக்கும் சிறுமி, சுவரில் பெரிய ஆண் கையின் நிழல். காசு கொடுத்து வாங்கும் அந்த ஒரே படத்தை ஆயிரம் கட்டுரைகளுக்குப் போட்டார்கள், இன்னும் போடுகிறார்கள். எனக்கு அது பிடிப்பதே இல்லை. பாதிக்கப்பட்ட குழந்தை என்றால் வாழ்க்கையே முடிந்துபோனவள் என்று அந்தப் படம் சொல்கிறது. அதே நிலையில் இருக்கும் இன்னொரு குழந்தை அதைப் பார்க்கும். படமே வேண்டாம், எழுத்து மட்டும் போதும் என்று பலமுறை பக்கத்தை வெறுமையாக விடச் சொல்லியிருக்கிறேன். லே-அவுட் செய்கிறவர்களுக்குக் கோபம் வரும்.

இனி தெருக் குழந்தைகள், வேலை செய்யும் குழந்தைகள். 1980களில் சிவகாசித் தீப்பெட்டித் தொழிலில் இருந்த பிள்ளைகளின் முகங்கள் வெளியானதால் நாடே அதைப் பேசியது. அந்தப் படங்களுக்கு ஒரு பயன் இருந்தது, அதை மறுக்க மாட்டேன். இன்று அப்படி மீட்கப்படும் குழந்தை சிறார் நீதிச் சட்டப்படி பராமரிப்பும் பாதுகாப்பும் தேவைப்படும் குழந்தை. குழந்தைகள் நலக் குழுவின் விசாரணைக்கு வந்துவிட்டால் அந்தப் பிள்ளையின் படத்தைப் போட முடியாது. அதிகாரிகள் மீட்ட பிள்ளைகளை வரிசையாக உட்காரவைத்து, பக்கத்தில் தாங்கள் நின்று எடுத்து அனுப்பும் படங்கள் உங்களுக்கும் வரும். அதிகாரியே அனுப்பினார் என்பது உங்களுக்கு அனுமதி ஆகாது. விசாரணைக்கு வராத, சிக்னலில் பொம்மை விற்கும் பிள்ளை என்றால் சட்டம் அவ்வளவு தெளிவாகத் தடுக்கவில்லை. நான் போட மாட்டேன். அந்தப் பிள்ளையின் அழுக்குச் சட்டையும் பெரிய கண்ணும் நமக்கு நல்ல அட்டைப்படம். அதனால் அவனுக்கு என்ன கிடைத்தது என்று கேட்டால் பதில் இருப்பதில்லை.

முகத்தைக் கட்டாயம் காட்ட வேண்டிய இடமும் உண்டு. காணாமல் போன குழந்தையின் படம் தெளிவாக வர வேண்டும், மச்சம் முதற்கொண்டு எழுத வேண்டும். கைவிடப்பட்ட நிலையில் கண்டெடுக்கப்பட்ட குழந்தைக்கும் அப்படித்தான். பெற்றோரைத் தேடுவதற்காக மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகு பேப்பரில் படத்தோடு விளம்பரம் தரும். அந்தக் குழந்தையைச் சட்டப்படி தத்துக் கொடுப்பதற்கு முன்னால் நடக்க வேண்டிய வேலைகளில் அதுவும் ஒன்று. ஆனால் குழந்தை கிடைத்துவிட்டது என்ற செய்தியை எழுதும்போது அதே படத்தை மறுபடி போடாதீர்கள். எங்கே இருந்தது, யாரோடு இருந்தது என்ற கதை அதோடு ஒட்டிக்கொள்ளும். உங்கள் இணையப் பக்கத்தில் இருக்கும் பழைய அறிவிப்பையும் அன்றே எடுத்துவிட வேண்டும்.

மகிழ்ச்சியான படங்களுக்குச் சட்டத்தில் தடை இல்லை. கபடியில் கோப்பை வாங்கிய பிள்ளைகள், மாறுவேடப் போட்டி, பொங்கல் விழா எல்லாம் தாராளமாகப் போடலாம். பழைய சிறுவர் இதழ்களில் பேனா நண்பர்கள் பகுதி இருக்கும். பெயர், வயது, வகுப்பு, பொழுதுபோக்கு, கதவு எண்ணோடு முழு முகவரி. அப்படிக் கிடைத்த நட்புகளை இன்றும் சொல்லி மகிழ்கிறவர்கள் உண்டு. இன்று ஒரு பத்து வயதுப் பிள்ளையின் முகம், பள்ளி, தெரு மூன்றையும் ஒரே இடத்தில் அச்சிட எந்த ஆசிரியருக்கும் கை வராது. முகம் இருந்தால் பெயர் போதும். பள்ளியும் வகுப்பும் சேர வேண்டாம். வீட்டு முகவரி எந்தக் காரணத்துக்காகவும் வேண்டாம். பெற்றோரிடம் எழுத்தில் சம்மதம் வாங்கும்போது அச்சுக்கும் இணையத்துக்கும் தனித்தனியாகக் கேளுங்கள். சரி என்று சொன்ன அம்மாவே இணையத்துக்கு வேண்டாம் என்பது அடிக்கடி நடக்கும். பிள்ளையையும் ஒரு வார்த்தை கேளுங்கள்.

விளம்பரத்துக்குக் குழந்தையை வைத்துப் படமெடுத்தால் கணக்கு வேறு. 2016-இல் திருத்தப்பட்ட குழந்தைத் தொழிலாளர் சட்டமும் 2017-இல் வந்த விதிகளும் குழந்தைக் கலைஞர்களுக்கு வரையறை வைக்கின்றன. மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும். ஒரு நாளில் ஐந்து மணி நேரத்துக்கு மேல் கூடாது, ஓய்வில்லாமல் மூன்று மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. சம்பாத்தியத்தில் குறைந்தது 20 சதவீதத்தைக் குழந்தையின் பெயரில் தேசிய வங்கியில் வைப்பு நிதியாகப் போட வேண்டும். ஜவுளிக்கடை விளம்பரத்துக்குத் தெரிந்தவர் வீட்டுப் பிள்ளையைக் கூப்பிட்டு வெயிலில் நாள் முழுக்க நிற்கவைக்கும் வழக்கம் நம் ஊர்களில் இன்னும் இருக்கிறது. அதனால்தான் இதைச் சொல்கிறேன்.

உங்கள் அண்ணனுக்கு வருகிறேன். நம் வீடுகளில் எல்லாம் ஒரு படம் இருக்கும். ஸ்டுடியோவில் வெல்வெட் துணி விரித்து, உடுப்பில்லாமல் குப்புறப் படுத்துத் தலை தூக்கிச் சிரிக்கும் கைக்குழந்தை. அது குற்றமா என்று ஸ்டுடியோக்காரர்கள் என்னிடம் பயந்து கேட்டிருக்கிறார்கள். போக்சோ சட்டத்தின் 13-ஆவது பிரிவு பாலியல் நோக்கத்துக்காகக் குழந்தையைப் பயன்படுத்துவதைத்தான் குற்றம் என்கிறது. குடும்ப ஆல்பத்துக்கு எடுத்த படம் அதில் வராது. ஆனால் ஸ்டுடியோவின் கண்ணாடிக் கதவில் மாட்டவோ முகநூலில் விளம்பரமாகப் போடவோ வேண்டாம் என்று சொல்லுங்கள். இணையத்துக்குப் போன படம் யார் கைக்குப் போகும் என்பது நம் கையில் இல்லை.

உண்மையான பொறுப்பு 20-ஆவது பிரிவில் இருக்கிறது. ஊடகம், விடுதி, மருத்துவமனை, கிளப், ஸ்டுடியோ, புகைப்படக் கூடம் என்று வரிசையாகச் சொல்லி, அங்கே எத்தனை பேர் வேலை பார்த்தாலும் சரி என்கிறது. ஒற்றை ஆள் கடைக்கும் பொருந்தும். பிரிண்ட் போடக் கொடுத்த பென் டிரைவிலோ, அழிந்த படத்தை மீட்டுத் தரச் சொல்லிக் கொடுத்த மெமரி கார்டிலோ குழந்தையைப் பாலியல் ரீதியாகச் சுரண்டும் எதையாவது பார்த்துவிட்டால் போலீஸுக்குச் சொல்லியே ஆக வேண்டும். சொல்லாமல் விட்டால் ஆறு மாதம் வரை சிறை அல்லது அபராதம், அல்லது இரண்டும். நிறுவனத்தின் பொறுப்பாளராக இருந்து, தன்கீழ் வேலை பார்ப்பவர் விஷயத்தில் சொல்லாமல் விட்டால் ஓராண்டு வரை. நல்லெண்ணத்தோடு சொன்னவர் மேல் வழக்கு வராது என்று சட்டமே உறுதி தருகிறது.

'பார்த்தது மட்டும்தானே, யாருக்கும் அனுப்பவில்லையே' என்ற பேச்சுக்கும் இடமில்லாமல் போய்விட்டது. இப்படிப்பட்ட படங்களைத் தனியாகப் பதிவிறக்கிப் பார்ப்பது மட்டும் குற்றமாகாது என்று சென்னை உயர் நீதிமன்றம் 2024 ஜனவரியில் சொன்னதை, அதே ஆண்டு செப்டம்பர் 23 அன்று உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. அழிக்காமலும் புகார் செய்யாமலும் வைத்திருப்பதையும் சட்டம் எப்படிப் பார்க்கும் என்று அதில் விரிவாகச் சொல்லியிருக்கிறார்கள்.

அதனால் அண்ணன் அப்படி ஒன்றைக் கண்டால், கார்டைக் கொடுத்தவரிடம் கேட்டுச் சண்டை போட வேண்டாம். தன் கம்ப்யூட்டரில் பிரதி எடுத்து வைக்க வேண்டாம். 'சாட்சிக்கு இருக்கட்டும்' என்று நண்பருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பவே கூடாது. அதுவே தனிக் குற்றம். கார்டை அப்படியே வைத்துவிட்டு உள்ளூர்க் காவல் நிலையத்துக்கோ சிறப்புச் சிறார் காவல் பிரிவுக்கோ சொல்ல வேண்டும். யாரிடம் போவது என்று தயக்கமாக இருந்தால் குழந்தைகள் உதவி எண்ணான 1098-ஐ அழைக்கலாம். அந்த எண்ணைக் கல்லாவுக்குப் பக்கத்தில், வேலை பார்க்கும் பையன்கள் கண்ணில் படும்படி எழுதி ஒட்டச் சொல்லுங்கள்.